அனீத்து: கடன்சொற்கு இரையான ஓர் ஆங்கிலச் சொல்

"ஆங்கிலத்தைப் பாருங்கள்! பன்மொழிகளினின்றும் அள்ளி அள்ளிக் கடன் கொண்டதனாலன்றோ அஃது உலகமொழியாய் ஓங்கிற்று? தமிழ் மட்டும் கதவடைத்துக்கொண்டு கிடப்பின், தேங்கிய குட்டையாகி விடாதோ?" என்பது கலப்புமொழியாளர் மேடைதோறும் பாடிவரும் பழம்பாட்டு. தனித்தமிழ் என்ற சொல் செவியிற் பட்டதும் அவர் கை முதற்கண் நீள்வது ஆங்கிலத்தை நோக்கியே. ஆயின், அவ் ஆங்கிலத்தின் வரலாற்றை அவருள் எத்துணைப் பேர் கற்றனர்? கடன் வந்த சொற்களை எண்ணிக் காட்டுவார் உளர். அக் கடனால் மாண்ட சொற்களை எண்ணிக் காட்டுவார் இலர். வரவை மட்டும் எழுதிச் செலவை மறைக்கும் கணக்கன் எவ்வூரிலும் நேர்மையாளன் எனப் பெயர் பெறுவதில்லை. மாண்ட சொற்களுள் ஒன்றே ஒன்றன் வரலாற்றை மட்டும் இங்குக் காண்க. ஒரு பானைச் சோற்றுக்கு ஒரு சோறு போதும்.

'அனீத்து' என்பது அச் சொல். இற்றை ஆங்கிலேயருள் நூற்றுவரை நிறுத்திக் கேட்பினும், அதன் பொருள் சொல்ல வல்லார் ஒருவர் இருவர் கிடைப்பதும் ஐயமே. அகரமுதலிகள் அதனை வழக்கிறந்த சொல் என்று குறித்து ஒதுக்கிவிட்டன. ஆயின் அது பிறமொழியினின்று வந்து, ஒட்டாமற் போன சொல்லன்று. ஆங்கிலத்தின் சொந்த மண்ணில் முளைத்த சொல். 'ஈத்து' என்பது எளிது, எளிதாக எனப் பொருள்படுவது. அதன் முன் எதிர்மறை ஒட்டு வந்து 'அனீத்து' என்றாயிற்று. பழைய ஆங்கிலத்தில் 'ஏயாதெ', 'உனேயாதெ' என்பன அவற்றின் வடிவங்கள். பழஞ் சாக்சானியத்திலும் பழஞ் செருமானியத்திலும் 'ஈத்து' என்பதற்கு உடன்பிறந்த சொற்கள் உண்டு. ஆகவே அதன் குடிவழியில் ஐயத்திற்கு இடமில்லை.

அவ் வினையடைக்குப் பொருள் இரண்டு. வருந்தி, அரிதின் முயன்று என்பது ஒன்று. இல்லையென்னும் அளவிற்கு அருகி, ஏறத்தாழ இல்லாமல் என்பது மற்றொன்று. முன்னது பின்னதாய்த் திரிந்தது இயல்பே. செய்தற்கு அரியது நிகழ்தற்கும் அரியதாகும். நிகழ்தற்கு அரியது ஏறத்தாழ இல்லாததே ஆகும். ஒரே சொல்லுக்குள் இவ்வளவு கருத்தொழுக்கமும் அடங்கியிருந்தது.

அச் சொற்குடும்பத்தின் பெருமையை உணர, ஆங்கிலேயர் தம் பழம்பெரும் மன்னனாகப் போற்றும் ஆல்பிரெடின் வரலாற்றைக் காண்க. கி.பி. 878-இல் தேனியர் படையெடுப்பால் நாட்டை இழந்த அம் மன்னன், ஒரு சிறு கூட்டத்தோடு காடுகளின் ஊடும் சதுப்பு நிலங்களின் ஊடும் அலைந்தான். பின்னர் அவ்வாண்டிலேயே எடிங்டன் போரில் பகைவரை வென்று மீண்டான். அவன் காட்டில் எவ்வாறு இடர்ப்பட்டு வழிநடந்தான் என்பதைக் கூறுமிடத்து, ஆங்கில-சாக்சானிய ஆண்டுநிகழ்வேடு ஆள்வது இக் குடும்பத்துச் சொல்லாகிய வினையடையையே. ஒரு நாட்டின் மன்னன் பட்ட துன்பத்தை எழுதுதற்கு அந் நாட்டாருக்கு அன்று கடன்சொல் தேவைப்படவில்லை.

இத்தகைய சொல் எங்ஙனம் மாண்டது?

கி.பி. 1066-இல் நார்மானியத் தலைவன் வில்லியம் ஏசுடிங்சுப் போரில் வென்று இங்கிலாந்தைக் கைப்பற்றினான். அரண்மனை நார்மானியருடையதாயிற்று, நிலம் நார்மானியப் பெருமக்களுடையதாயிற்று, அரசவையும் வழக்குமன்றமும் பிரெஞ்சுமொழி பேசின. ஆங்கிலம் உழுவோர் மொழியாகவும் ஏவல் செய்வோர் மொழியாகவும் தாழ்ந்தது. கி.பி. 1362-இல் வழக்குரைகள் ஆங்கிலத்தில் நிகழ்க என்று ஒரு சட்டம் பிறந்தது. மக்களுக்குப் பிரெஞ்சு விளங்கவில்லை என்பதே அச் சட்டம் கூறிய கரணியம். ஆயின் அச் சட்டமே பிரெஞ்சில் எழுதப்பட்டது! வழக்குமன்ற ஆவணங்களினின்று இலத்தீனமும் பிரெஞ்சும் நிலையாக அகல்வதற்கு 1731-ஆம் ஆண்டுச் சட்டம் வேண்டியதாயிற்று. வென்றவன் மொழி ஓரிடத்தில் அமர்ந்துவிடின், அது எழுந்து போதற்கு எத்துணைத் தலைமுறை செல்லும் என்பதற்கு இதனினும் சான்று வேண்டுமோ?

இந் நிலையிற்றான் 'ஈசி' என்னும் பிரெஞ்சுச் சொல் 'ஈத்து' இருந்த இடத்திற்கு வந்தது. எளிமை என்னும் கருத்தே ஆங்கிலேயனுக்கு அதற்குமுன் இல்லாதிருந்ததோ? எளிய வேலையை அவன் செய்ததே இல்லையோ? கருத்தும் இருந்தது, சொல்லும் இருந்தது. இல்லாதிருந்தது ஆட்சி ஒன்றே. வீட்டில் பொருள் இல்லாமையால் வாங்கியது கடன். இருந்த பொருளைத் தூக்கி வெளியே எறிந்துவிட்டு, அவ் விடத்தில் வைத்தது கடனாகுமோ? அதற்குப் பெயர் குடிபெயர்ப்பு.

அனீத்தின் கதி இன்னும் ஆழ்ந்து நோக்கத்தக்கது. அதன் இடத்தைக் கவர்ந்த 'இசுகேர்சிலி' என்னும் சொல் வட பிரெஞ்சு வழியே வந்தது. வந்த பொழுது அது குறைவாக, செலவு சுருக்கி என்னும் பொருளிலேயே வழங்கிற்று. கி.பி. 1400-இல் மறைந்த சாசர் என்னும் பெரும்பாவலர், வாழ்க்கைச் செலவின் சுருக்கத்தைக் குறிக்க அதனை ஆண்டார். அருமைப்பொருள் வேண்டிய இடங்களிலோ, 'உன்னெத்தெ' என்னும் அக்கால வடிவில் சொந்தச் சொல்லையே பலகாலும் ஆண்டார். வந்த சொல்லுக்கு ஒரு வேலை, வீட்டுச் சொல்லுக்கு ஒரு வேலை என்று இரண்டும் ஒருங்கே இருந்தன. விருந்தாய் வந்தது திண்ணையில் இருந்தது. பின் நடுவீட்டுக்கு வந்தது. இறுதியில் வீட்டுக்குரியவரை வெளியேற்றிற்று. கடன்சொல்லின் செலவு இதுவே. "ஒன்றிரண்டு சொல் வந்தால் என்ன கேடு?" என்பார் இதனை ஊன்றி எண்ணுக.

சாசர்க்குப் பின் இருநூறாண்டும் நிரம்பவில்லை. கி.பி. 1579-இல் எட்மண்டு இசுபென்சர் என்னும் பாவலர் இடையர் வாழ்வைப் பன்னிரு திங்களுக்கும் பன்னிரு பாட்டாக வகுத்து ஒரு நூல் செய்தார். அதன் முதற்பாட்டில், பனிக்காலத்தே வாடி மெலிந்த ஆடுகள் காலூன்றி நிற்றலும் அரிதாயிற்று என்னும் இடத்தில் இச் சொல்லை வைத்தார். அந் நூற்கு உரை எழுதியவர், ஈ. கே. என்னும் இரண்டெழுத்துள் தம் பெயரை மறைத்துக் கொண்டவர். அவர் தம் முன்னுரையில், தாய்மொழியின் கிழிசல்களுக்குப் பிரெஞ்சு, இத்தாலியம், இலத்தீன் ஆகியவற்றின் கந்தல்களைக் கொண்டு ஒட்டுப்போட்டு, ஆங்கிலத்தைக் கலவைக் கூழாக்கிவிட்டனர் என்று சினந்து எழுதினார். நெடுங்காலம் வழக்கொழிந்து கிடந்த நல்ல ஆங்கிலச் சொற்களை மீட்டார் என்று இசுபென்சரைப் புகழ்ந்தார். அத்தகையவரே இப் பழஞ்சொல்லுக்குப் பொருள் எழுதுமிடத்து என் செய்தார்? 'இசுகேர்சிலி' என்று எழுதினார்!

ஆங்கிலேயன் ஒருவன் எழுதிய ஆங்கிலப் பாட்டில் உள்ள ஆங்கிலச் சொல்லை, ஆங்கிலேயர்க்கு விளக்குதற்குப் பிரெஞ்சுச் சொல் வேண்டியதாயிற்று. கலப்பை எதிர்த்தவர்க்கும் கலப்பே துணையாயிற்று. தாய்மொழிச் சொல் உரைக்குரிய அருஞ்சொல்லாகவும், அயற்சொல் அதற்குரிய எளிய பொருளாகவும் தலைகீழாயின. ஒரு மொழி தன் வீட்டிலேயே விருந்தாளியாய்ப் போன காட்சி இதனினும் தெளிவாக வேறெங்கும் காணல் அரிது.

அதன்பின் அச் சொல் பாவலர் சிலரின் பேணலால் மட்டும் மூச்சு விட்டது. இசுபென்சர் தம் 'தேவதை அரசி' என்னும் பெருநூலிலும் அதனை ஆண்டார். செகப்பிரியர் 'ஆறாம் என்றி' நாடகத்தின் இரண்டாம் பகுதியில், கழுவாயாக வெறுங்காலுடன் தெருவிற் செலுத்தப்படும் எலினோர் பெருமாட்டி கூரிய கற்களை அரிதின் பொறுப்பாள் என்று அவள் கணவன் இரங்குமிடத்தில் அதனை வைத்தார். அதன்பின் அது பொதுவழக்கினின்று மறைந்தது. 'ஈத்து' மட்டும் வடக்கே இசுகாத்துலாந்து மக்கள் வாயில் நெடுநாள் உயிர்தரித்தது. அரண்மனை அழித்ததைக் குடிசை காத்தது.

சொல் ஒன்று போயின் என்ன குறை என்பார்க்கு இன்னொன்றும் காட்டுதல் தகும். அனீத்துப் போன வெற்றிடத்தை நிரப்ப, ஆங்கிலம் தன் மற்றொரு சொந்தச் சொல்லாகிய 'ஆர்டுலி' என்பதையும் முறுக்கிற்று. வன்மையாக, துணிவாக என்று பொருள்பட்ட அச் சொல், அருகி, ஏறத்தாழ இல்லாமல் என்னும் பொருளுக்குத் திரிந்தது. இன்று ஒருவன் கடுமையாய் உழைத்தான் என்று சொல்லக் கருதி அவ் வடையை ஆளின், அவன் உழைக்கவேயில்லை என்னும் அளவிற்குப் பொருள் திரும்பிவிடுகின்றது. ஆங்கிலம் கற்கும் தமிழ் மாணவர் இடறி விழும் பள்ளங்களுள் இஃதொன்று.

ஆங்கிலேயருள் தம் மொழிக்கு நேர்ந்ததைக் கண்டு வருந்தினார் இலரோ? இருந்தனர். கேம்பிரிட்சுப் பேராசிரியர் சான் சீக்கு என்பார், ஆங்கிலம் பிறமொழிக் கலப்பின்றித் தூய்மையாய் எழுதப்படல் வேண்டும் என்று 1557-இல் எழுதினார்; கடன் வாங்கிக்கொண்டே இருந்து திருப்பிச் செலுத்தாத வீடு முறிந்துபோம் என்றும் எச்சரித்தார். இரால்பு இலீவர் என்பார் 1573-இல் அளவைநூலுக்கு 'அறிவுத்திறம்' எனப் பொருள்படும் தூய ஆங்கிலச் சொல் அமைத்தார். தார்செட்டுப் பாவலர் வில்லியம் பார்னசு 1878-இல் இலக்கணத்திற்குப் 'பேச்சுத்திறம்' எனப் பொருள்படும் ஆங்கிலச் சொல் புனைந்து நூலே எழுதினார். அவர்தம் முயற்சி வெற்றி பெறவில்லை. ஏன்? அவர் கொள்கை தவறாயினமையாலன்று, காலம் கடந்தமையால். பெருந்தொகையான சொந்தச் சொற்கள் மக்கள் வாயினின்று அகன்றபின் அவர் எழுந்தனர். இறந்த மகவுக்கு மருந்து தேடியவர் நிலை அவர் நிலை.

இனி, கடன் வாங்கியதனாலேயே ஆங்கிலம் உலகமொழியாயிற்று என்னும் கூற்றை ஆராய்க. கி.பி. 1600-இல் இங்கிலாந்தின் மக்கள் தொகை ஏறத்தாழ 40 இலக்கம். அதற்குள் ஐந்நூறாண்டுக் காலம் பிரெஞ்சும் இலத்தீனும் ஆங்கிலத்துள் வெள்ளமாய்ப் புகுந்துவிட்டன. கடன்சொல்லே உலகாளும் ஆற்றல் தருவதாயின், அன்றே அது கடல் கடந்து ஆண்டிருத்தல் வேண்டும். ஆளவில்லை, அது தன் தீவுகளுக்குள்ளேயே அடங்கிக் கிடந்தது. கிழக்கிந்தியக் குழும்பு தோன்றியது 1600-இல்; அமெரிக்க மண்ணில் ஆங்கிலேயரின் நிலைத்த முதற் குடியேற்றமாகிய சேம்சுடவுன் அமைந்தது 1607-இல். கப்பலும் வணிகமும் படையும் குடியேற்றமுமே ஆங்கிலத்தைச் சுமந்து சென்றன. வென்றவன் வெற்றியை அவன் மொழியின் கந்தலுக்கு உரிமையாக்குவது, மல்லன் ஒருவன் வென்றது அவன் வேட்டியிற் கிழிசல் இருந்தமையால் என்று சொல்வதை ஒக்கும்.

இக் கண்கொண்டு தமிழைக் காண்க. ஈத்தும் அனீத்தும் போலவே தமிழிலும் ஓர் இணை உண்டு: எளிது, அரிது; எளிதின், அரிதின். திருவள்ளுவர் வினைத்திட்பம் என்னும் அதிகாரத்தில் சொல்லுதலின் எளிமையையும் செய்தலின் அருமையையும் ஒரே குறளில் எதிரெதிர் நிறுத்தினார். அக் குறளிலுள்ள அவ் இரு சொற்களுக்கும் பொருள் கேட்டு இன்றும் எந்தத் தமிழ்ச் சிறுவனும் உரைநூலைப் புரட்ட வேண்டுவதில்லை. இன்னும் வியப்பு யாதெனின், அனீத்து என்பதன் இரு பொருளும் அரிது என்பதிலும் அவ்வாறே அமைந்துள்ளன. செய்தற்கு அரிது என்பது இடர்ப்பாட்டைக் குறிக்கும். காண்டற்கு அரிது என்பது அருகி நிகழ்தலைக் குறிக்கும். அருமை என்பது சிற்சில இடங்களில் இன்மைப்பொருளே தரும் என்று உரையாசிரியரும் கொண்டனர். ஆங்கிலம் இழந்ததைத் தமிழ் இழக்கவில்லை.

இழக்கவில்லையே அன்றி, இழக்கும் வழியிற் கால் வைக்கவில்லை என்று சொல்லல் ஆகுமோ? "இந்த வேலை சுலபம், அந்த வேலை கஷ்டம், அப்படிப்பட்டவர் அபூர்வம்" என்று பேசும் நாக்கு எத்தனை தமிழர் வீட்டில் உள்ளது! எளிது என்பதன் இடத்தில் சுலபம், அரிது என்பதன் ஒரு பொருளுக்குக் கஷ்டம், மறுபொருளுக்கு அபூர்வம். தமிழின் இரு சொற்களைத் தள்ளுதற்கு மூன்று வடசொற்கள் வந்தன. ஆங்கிலத்திலும் இதுவே நிகழ்ந்தது: ஈத்துக்கு ஈசி, அனீத்தின் ஒரு பொருளுக்கு இலத்தீன் வழி வந்த 'திபிகல்டி', மறுபொருளுக்கு இசுகேர்சிலி. நாடு வேறு, கடல் வேறு, சூழ்ச்சி ஒன்றே.

வடசொல்லோடு நின்றதோ? இல்லை. "ரொம்ப ஈசி" என்று பள்ளிப் பிள்ளையும் சொல்கின்றது. அது கேட்டுப் பெற்றோரும் மகிழ்கின்றனர். ஈசி என்பது யாது? தன் வீட்டில் ஈத்தை வெளியேற்றிய அதே நார்மானியச் சொல். ஆங்கிலேயனின் எளிமைச் சொல்லைக் கொன்று, அவன் கப்பலேறி வந்து, இன்று தமிழனின் எளிமைச் சொல்லின் வாயிலிலும் நிற்கின்றது. அதன் கையிற் படிந்த பழங்குருதியை அறியாதவர், நாகரிக விருந்தென்று அதற்கு இருக்கை இடுகின்றனர்.

ஆயின் தமிழர் நிலை சான் சீக்கின் நிலையன்று. பார்னசின் நிலையும் அன்று. மறைமலையடிகள் 1916-இல் தனித்தமிழ்க் கொடியை உயர்த்திய பொழுது, தமிழ்ச்சொற்கள் புதைகுழியினின்று தோண்டவேண்டியனவாக இல்லை. உழவர் வாயிலும் தாயர் தாலாட்டிலும் உயிரோடிருந்தன, இன்றும் இருக்கின்றன. ஆங்கிலத் தூய்மையாளர்க்குப் புதிதாய்ப் புனைய வேண்டியிருந்தது. தமிழர்க்கோ இருப்பதைப் பேசினாற் போதும். இதற்கு அரசாணை வேண்டா, பொருட்செலவு வேண்டா. சுலபம் என்று வாய் திறக்கும்போது எளிது என்று சொல்லுக. கஷ்டம் என்னுமிடத்தில் அரிது, இடர் என இடனறிந்து சொல்லுக. குழந்தை ஈசி என்னுமாயின், சினவாது 'எளிது' என்று அதன் செவியிற் சொல்லுக. அது திருப்பிச் சொல்லும் மட்டும் சொல்லுக.

இனி எவரேனும் மேடையேறி, "ஆங்கிலத்தைப் பாருங்கள்" என்று தொடங்குவாராயின், "பார்த்தோம், அனீத்து என்னும் சொல் எங்கே?" என்று அவரை வினவுக. விடை அவரிடம் இராது. அவர் புகழும் ஆங்கிலத்திடமும் இல்லை.

ஈராயிரம் ஆண்டுக்கு மேலாக முன்னோர் அரிதின் காத்ததை, இக்காலத் தமிழர் எளிதின் இழப்பதோ?