ஷீல்ட்: ரெண்டாவது சீசன்ல வயசுக்கு வந்த சீரியல்

'ஏஜென்ட்ஸ் ஆஃப் ஷீல்ட்' முதல் சீசன்ல ஆறேழு எபிசோட் பார்த்துட்டு "நமக்கு சரிப்படாது"ன்னு மூடி வச்சவங்க நம்ம கூட்டத்துல நிறைய பேர் இருப்பீங்க. உங்க மேல தப்பில்லை. 2013 செப்டம்பர்ல ஏபிசி சானல்ல ஆரம்பிச்சப்போ வாரம் ஒரு விசித்திரப் பொருள், வாரம் ஒரு வில்லன், விமானத்துல ஏறு, ஜோக் அடி, சுபம். ஷீல்டுக்குள்ளயே ஹைட்ரா ஒளிஞ்சிருக்குங்கற ரகசியத்தை 2014 ஏப்ரல்ல 'தி விண்டர் சோல்ஜர்' படம் போட்டு உடைக்கற வரைக்கும் சீரியல் வாயைத் திறக்க முடியாது. 16 எபிசோட் மென்னு முழுங்கிட்டு உட்கார்ந்திருந்தது பாவம்.

அப்புறம் வார்ட் துரோகின்னு தெரிஞ்சு சூடு பிடிச்சதை எல்லாரும் எழுதிட்டாங்க. நான் சொல்ல வந்தது 2014-15ல வந்த ரெண்டாவது சீசனைப் பத்தி. (கதையைச் சொல்லப் போறேன். பார்க்காதவங்க இப்பவே எஸ்கேப் ஆயிடுங்க!)

இந்த சீசன்ல பட்ட அடி லேசுல ஆறுறதில்லை. எனக்கு அதுதான் பெரிய விஷயம். வழக்கமா சூப்பர் ஹீரோ கதைன்னா இந்த வாரம் கோமா, அடுத்த வாரம் குதியாட்டம். இங்கே ஃபிட்ஸைப் பாருங்க. முதல் சீசன் முடிவுல கடலுக்கடியில ஆக்சிஜன் இல்லாம மூளையில அடிபட்டது. ரெண்டாவது சீசன்ல அதே மேதைக்கு வார்த்தை வரமாட்டேங்குது, கை நடுங்குது. பக்கத்துல சிம்மன்ஸ் நின்னு பேசிட்டே இருக்கா. முதல் எபிசோட் கடைசியிலதான் தெரியுது, அவ எப்பவோ கிளம்பிப் போயாச்சு, இவன் வெறும் காத்தோட பேசிட்டிருக்கான்னு. சத்தியமா நெஞ்சை அடைச்சுது. அவனைச் சரி பண்ண யாரும் மருந்து கண்டுபிடிக்கலை. மெக்கானிக் மேக் மட்டும் பொறுமையா உட்கார்ந்து அவன் என்ன சொல்ல வர்றான்னு கேக்கறான். அவ்ளோதான்.

இந்த ஃபிட்ஸ்தான் பின்னாடி ஸ்கைக்கு ஆறுதலா நிக்கறான். பூமியை அதிர வைக்கற சக்தி அவளுக்கு வந்ததை இந்த சீரியல் கொண்டாடலை. அடக்கி அடக்கி அவ கை எலும்புல விரிசல் விழுது. உயிருக்குயிரான சிம்மன்ஸே இந்த மாதிரி சக்தியை ஒழிக்க வேண்டிய வியாதின்னு பேசறா. ஃபிட்ஸ் மட்டும் ரத்தப் பரிசோதனை ரிசல்ட்டை மாத்தி மறைச்சுட்டு, நீ வேற மாதிரி ஆயிருக்கே, அதுல ஒண்ணும் தப்பில்லைங்கறான். தானும் மாறிப்போன ஒருத்தன் சொல்றதால அந்த இடத்துக்கு அப்படி ஒரு கனம்.

அப்புறம் 17வது எபிசோட், 'மெலிண்டா'. பஹ்ரைன்ல என்ன நடந்ததுன்னு முதல் சீசன்லேருந்தே முணுமுணுத்துட்டு இருந்தாங்க. ஏதோ வீர சாகசம்னு நினைச்சா, மெலிண்டா மே அங்கே சுட்டது ஒரு சின்னப் பொண்ணை. அவளுக்கு ஏன் சிரிப்பே வராதுன்னு அப்போதான் புரியுது. மிங்-நா வென் ஒரு வார்த்தை பேசாம முகத்துலயே அவ்வளவையும் காட்டிட்டாங்க.

எல்லாமே பிரமாதம்னு சொல்லமாட்டேன். கொன்சாலஸ் தலைமையில 'நாங்கதான் உண்மையான ஷீல்ட்'னு ஒரு கோஷ்டி வருது பாருங்க, எட்வர்ட் ஜேம்ஸ் ஆல்மோஸ் மாதிரி ஆளை வச்சுக்கிட்டு கமிட்டி மீட்டிங் நடத்தி இழுத்துட்டாங்க. அதுக்கு நேர்மாறா ஸ்கையோட அப்பா கேலா வர்ற கைல் மக்லாக்லன். கொலைகாரன், அரைப் பைத்தியம், பொண்ணு ஒரு தடவை தன்னைப் பார்த்து சிரிக்கமாட்டாளான்னு ஏங்கற தகப்பன். கடைசியில மகளைக் காப்பாத்தறதுக்காக மனைவியையே கொல்றான். நினைவெல்லாம் அழிச்சு அவனைக் கால்நடை டாக்டராக்கி விட்டுடறாங்க. ஸ்கை போய் முன்னாடி நிக்கறப்போ யாரோ ஒரு பொண்ணுன்னு நினைச்சு அன்பாப் பேசறான். அவளும் சொல்லிக்கலை.

எச்சரிக்கையை மீறி இதுவரைக்கும் படிச்சவங்களுக்கு ஒரு குறுக்கு வழி: முதல் சீசனோட 17வது எபிசோட்ல ஆரம்பிச்சு, நேரா ரெண்டாவது சீசனுக்கு வந்துடுங்க. முந்தின பதினாறை அப்புறமா பாத்துக்கலாம். பாக்காட்டியும் குடி முழுகிடாது :-)