தீர்ப்பு மாறும் என்ற நம்பிக்கை

ஆந்திரத்தின் சித்தூர் மாவட்டத்துக் காணிப்பாக்கத்தில் பொய்ச்சத்தியம் செய்ய ஆள் அஞ்சுவான். குளத்தில் முழுகி, வரசித்தி விநாயகர் முன் நின்று, "அந்த நிலம் என்னுடையது" என்று ஒருவன் சொல்லிவிட்டால் ஊர் அதற்குமேல் கேள்வி கேட்பதில்லை. 1873-ஆம் ஆண்டுச் சத்தியப் பிரமாணச் சட்டம்கூட, எதிராளி கோயிலில் செய்யும் சத்தியத்துக்குக் கட்டுப்படுவதாக ஒருவர் ஒப்புக்கொண்டால், அந்தச் சத்தியத்தை முடிவான சாட்சியமாக ஏற்றது. 1969-இல் வந்த புதிய சட்டத்தில் அந்த ஏற்பாடு இல்லை. ஊர் மனத்தில் இன்னும் இருக்கிறது.

சத்தியத்தோடு வாயை மூடிக்கொள்ளும் அதே மனிதர்கள் நீதிமன்றத் தீர்ப்பை அப்படி எடுத்துக்கொள்வதில்லை. "ரிவ்யூ போடலாம், கேஸ் மறுபடி முதலிலிருந்து வரும், ஜட்ஜ் மாறினால் தீர்ப்பும் மாறும்" என்று டீக்கடையில் சொல்கிறார்கள், கோர்ட் வாசலிலும் சொல்கிறார்கள். இதை நம்பி, மிச்சமிருக்கும் நகையையும் அடகு வைக்கிறார்கள். இந்த நம்பிக்கை தவறு.

ரிவ்யூ என்னும் மறுசீராய்வுக்குச் சட்டம் விட்டிருப்பது ஒரு சின்ன வாசல். உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 114-ஆம் பிரிவும் 47-ஆம் கட்டளையும் அதை வரையறுக்கின்றன. எவ்வளவு தேடியும் அப்போது கிடைக்காத ஆவணம் பிறகு கிடைத்திருக்க வேண்டும். அல்லது தீர்ப்பைப் படித்த உடனே கண்ணில் படும் பிழை இருக்க வேண்டும். அல்லது இவற்றுக்கு நிகரான காரணம் வேண்டும். சர்வே எண் மாறி விழுந்திருந்தால் அது பிழை. "என் சாட்சியை நீதிபதி நம்பவில்லை" என்பது அப்பீலுக்கு உரிய விஷயம். மறுசீராய்வு என்பது வேஷம் மாற்றிய அப்பீல் அல்ல என்று உச்ச நீதிமன்றம் 1963-லேயே சொல்லிவிட்டது. அது ஆந்திர அரசுக்கும் துங்கபத்ரா இண்டஸ்ட்ரீஸ் நிறுவனத்துக்கும் நடந்த வழக்கு. ஜட்ஜ் மாறட்டும் என்று காத்திருப்பவர்கள் இன்னொன்றையும் கேட்க வேண்டும்: தீர்ப்பு எழுதிய நீதிபதி அதே நீதிமன்றத்தில் இருக்கும்வரை, மனுவை அவர்தான் விசாரிக்க வேண்டும் என்பதே விதி.

ஐகோர்ட்டே இந்த எல்லையைத் தாண்டியது உண்டு. தெலங்கானாவின் வாரங்கல் பகுதியில் கொம்பள்ளி கிராமத்து 106.34 ஏக்கரைக் காடு என்றது வனத்துறை. தன் நிலம் என்றார் ஒரு தனிமனிதர். அப்பீலில் வனத்துறை வென்றது. பிறகு மறுசீராய்வில் அதே உயர் நீதிமன்றம் சாட்சியங்களை மறுபடி எடை போட்டுத் தன் தீர்ப்பையே தலைகீழாக்கியது. வனத்துறைக்கு எதிராக மாவட்ட ஆட்சியர் தரப்பே பிரமாணப் பத்திரம் கொடுத்தது என்பதைப் படிக்கும்போது எனக்கு நெஞ்சு பொறுக்கவில்லை. 2024 ஏப்ரல் 18 அன்று உச்ச நீதிமன்றம் அந்த மறுசீராய்வுத் தீர்ப்பை ரத்து செய்தது. மாநில அரசுக்கும் எதிர்த்தரப்புக்கும் ஆளுக்கு 5 லட்சம் ரூபாய் செலவுத்தொகை விதித்தது. அமர்வில் இருந்தவர்கள் எம்.எம். சுந்தரேஷும் எஸ்.வி.என். பட்டியும். இதற்குள் வழக்குத் தொடுத்தவர் இறந்துபோய், வாரிசுகள்தான் நடத்திக்கொண்டிருந்தார்கள்.

"அப்படியானால் தவறான தீர்ப்பைச் சுமந்துகொண்டே சாக வேண்டுமா?" என்று கேட்பார்கள். நியாயமான கேள்விதான். அதற்குத்தான் முதல் அப்பீல் இருக்கிறது. சட்டக் கேள்வி எழுந்தால் இரண்டாம் அப்பீலும் இருக்கிறது. ஆவணத்தை மறைத்து வாங்கிய டிக்ரி செல்லாது என்று 1993-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. கோர்ட் ஏலத்தில் எடுத்த சொத்தை ஏற்கெனவே விடுதலைப் பத்திரம் எழுதிக் கொடுத்துவிட்டு, அதைச் சொல்லாமல் பங்கு கேட்டவரின் வழக்கு அது. மோசடிக்கு மருந்து உண்டு. தோற்ற வருத்தத்துக்கு மறுசீராய்வு மருந்தாகாது.

காணிப்பாக்கத்து ஆற்றின் பெயர் பாஹுதா, கை தந்தவள். வெட்டுண்ட கைகளை அந்த ஆறு லிகிதன் என்ற முனிவனுக்குத் திருப்பித் தந்த கதையை அங்கே எல்லாரும் அறிவார்கள். வெட்டிய கையே முளைத்த இடத்தில் போன நிலம் வராதா என்று நினைப்பவர்கள் மகாபாரதத்தின் சாந்தி பர்வத்தைத் திறந்து பார்க்கட்டும். அண்ணன் தோப்புப் பழத்தைக் கேட்காமல் தின்ற லிகிதன் தானே அரசனிடம் போனான். அரசன் மன்னிக்கத் தயாராக இருந்தான். லிகிதன்தான் தண்டனையைக் கேட்டு வாங்கினான். கை திரும்பி வந்தது அதற்குப் பிறகு. அரசன் தீர்ப்பை யாரும் திருத்தவில்லை.

அடுத்த முறை உங்களிடம் யாராவது "ரிவ்யூ போடலாம்" என்றால், தீர்ப்பு நகலை அவர் கையில் கொடுங்கள். பிழை எந்தப் பக்கத்தில், எந்த வரியில் இருக்கிறது என்று விரல் வைத்துக் காட்டச் சொல்லுங்கள். காட்டினால், தீர்ப்பு வந்த 30 நாளுக்குள் மனுவைப் போடுங்கள். காட்ட முடியாவிட்டால், நகையை அடகுக்கடைக்கு எடுத்துப் போகாதீர்கள்.