தம்பிக்கு முன்னால் நடந்தவள்

2022இல் மாமல்லபுரத்தில் 44ஆவது சதுரங்க ஒலிம்பியாட் நடந்தபோது அதன் சின்னமாக ஒரு குதிரை தமிழ்நாடெங்கும் நின்றது. வெள்ளை வேட்டி, வெள்ளைச் சட்டை, கும்பிட்ட கை. பெயர் ‘தம்பி’. அந்தப் பெயரை வைத்தவர்களுக்கு உள்நோக்கம் எதுவும் இருந்திருக்காது. என் புகாரே அதுதான். யோசிக்காமல் வைக்கிற பெயரில்தான் ஒரு சமூகத்தின் மனம் வெளியே தெரிகிறது. யாருக்கும் ‘அக்கா’ என்ற பெயர் தோன்றவில்லை. அதே அரங்கில் இந்திய மகளிர் அணி வெண்கலம் வென்றது. ஒலிம்பியாடில் நம் மகளிர் அணி பெற்ற முதல் பதக்கம் அது. அந்த அணியில் சென்னையைச் சேர்ந்த ஓர் அக்காவும் இருந்தாள்: வைஷாலி.

வைஷாலியின் கதையை நம் ஊடகங்கள் பின்னாலிருந்து தொடங்குகின்றன. ‘பிரக்ஞானந்தாவின் அக்கா’ என்கின்றன. உண்மையில் வீட்டில் முதலில் பலகை முன் உட்கார்ந்தவள் அவள். அதிகம் டிவி பார்க்கிறாளே என்று பெற்றோர் அவளைச் சதுரங்க வகுப்பில் சேர்த்தார்கள். அக்கா ஆடுவதைப் பார்த்துத்தான் தம்பி ஆட வந்தான். 2012இல் 12 வயதுக்குட்பட்ட சிறுமிகளுக்கான உலகப் பட்டம், 2015இல் 14 வயதுக்குட்பட்டோர் பட்டம். 2013இல் மேக்னஸ் கார்ல்சன் சென்னைக்கு வந்து ஒரே நேரத்தில் பலரோடு ஆடியபோது இந்தச் சிறுமி அவரைத் தோற்கடித்தாள். 2023இல் உலக மகளிர் கிராண்ட் ஸ்விஸ் போட்டியை வென்றாள், கிராண்ட் மாஸ்டர் தகுதியையும் எட்டினாள். 2025இல் அதே கிராண்ட் ஸ்விஸை மறுபடியும் வென்றாள். இத்தனைக்குப் பிறகும் அவளை அறிமுகப்படுத்த ஒரு தம்பி தேவைப்படுகிறான்.

குறை அந்தத் தம்பியிடம் இல்லை. அவன் அருமையான ஆட்டக்காரன். அக்காவைத் தம்பியின் அடைமொழியாக்கும் பழக்கத்தைத்தான் கேள்வி கேட்கிறேன். திருப்பூரில் இருக்கும் நமக்கு இந்தப் பழக்கம் புதிதில்லை. இங்கே எத்தனை அக்காக்கள் பத்தாம் வகுப்போடு நின்று பனியன் கம்பெனிக்குப் போனார்கள்? செக்கிங்கிலும் கைமடியிலும் தொடங்கி, ஓவர்லாக் மிஷினுக்கு ஏறி, சனிக்கிழமைச் சம்பளத்தை அம்மாவின் கையில் கொடுத்தார்கள். அந்தப் பணத்தில் தம்பி பாலிடெக்னிக் படித்தான். வீட்டுக்கு வருகிறவர்களிடம் அவனைக் காட்டி ‘இன்ஜினியர்’ என்கிறோம். அவளைக் காட்டி என்ன சொல்கிறோம்? ‘இவனோட அக்கா.’

சதுரங்கத்துக்குப் பணத்தைவிட முதலில் வேண்டியது நேரம். சர்வதேசத் தரத்திலான ஓர் ஆட்டம் நான்கைந்து மணி நேரம் நீளும். அப்படி ஒன்பது சுற்று ஆட வேண்டும். அதற்கு முன் தொடக்க நகர்வுகளைப் படிக்க வருடங்கள். பிறர் குறுக்கிடாத, சும்மா உட்கார்ந்திருப்பதுபோல் தோன்றும் நேரம் அது. எந்த வீட்டில் ஒரு பெண் நான்கு மணி நேரம் ஒரே இடத்தில் உட்கார்ந்து யோசிக்க முடியும்? ‘என்னடி யோசனை, சோறு வடிச்சியா?’ என்ற குரல் பத்தாவது நிமிடம் வந்துவிடும். காலை எட்டரைக்கு கம்பெனிக்குள் போய், ஒன்றரை ஷிப்ட் முடித்து இரவு எட்டரைக்கு வெளியே வருகிறவளின் நாளில் யோசிப்பதற்கு எங்கே இடம்? ஸ்பின்னிங் மில் விடுதிகளில் மூன்று வருட ஒப்பந்தத்தில் அடைபட்ட பெண்களின் நாட்களைப் பாருங்கள். கல்யாணச் செலவுக்கு மொத்தத் தொகை என்ற ஆசை காட்டி, அதற்குச் ‘சுமங்கலித் திட்டம்’ என்று பெயரும் வைத்தார்கள். பெண்ணின் நேரத்தை மொத்த விலைக்கு வாங்கும் திட்டம் அது.

ஆனால், ஒவ்வொரு வெற்றிக்குப் பின்னாலும் ஒரு பெண்ணின் நேரம் இருக்கிறது. ஆனந்துக்கு ஆறு வயதில் ஆட்டம் சொல்லிக்கொடுத்தது அவருடைய அம்மா சுசீலா. குடும்பம் மணிலாவில் இருந்தபோது மகன் பள்ளிக்குப் போயிருக்கும் நேரத்தில் டிவியில் வரும் சதுரங்கப் புதிர்களை எழுதிவைத்து, மாலையில் அவனோடு சேர்ந்து தீர்த்தவர் அவர். 2023இல் பாகுவில் மகனைப் பார்த்துப் பூரித்து நின்ற நாகலட்சுமியின் படத்தை நாடே பகிர்ந்தது. அரிசி வேகவைக்கும் பாத்திரத்தோடு நாடு நாடாகப் போய் ரசம் வைத்துக் கொடுத்தவர் என்று உருகினோம். குகேஷின் வீட்டில் அப்பா தன் மருத்துவத் தொழிலை ஒதுக்கிவிட்டு மகனோடு பயணம் போனார். நுண்ணுயிரியலாளரான அம்மா பத்மகுமாரியின் சம்பளம் வீட்டைத் தாங்கியது. அப்பா விட்டதைத் தியாகம் என்று சரியாகவே எழுதினார்கள். அம்மா சம்பாதித்தது அதே அளவுக்குத் தலைப்புச் செய்தி ஆகவில்லை. ரசம் வைத்தால் தெய்வம். சம்பளம் வாங்கினால் ஒரு வரிச் செய்தி. அம்மாவின் உழைப்பைக் கும்பிடுகிறோம். கும்பிட்டுவிட்டால் கணக்குப் பார்க்க வேண்டியதில்லை அல்லவா?

கணக்குக்கே வருவோம். ஆனந்த் கிராண்ட் மாஸ்டர் ஆனது 1988இல். தமிழ்நாட்டின் முதல் பெண் கிராண்ட் மாஸ்டருக்கு நாம் காத்திருந்தது 35 வருடம். 2025 ஜூலையில் நாக்பூரின் திவ்யா தேஷ்முக் மகளிர் உலகக் கோப்பையை வென்று இந்தியாவின் 88ஆவது கிராண்ட் மாஸ்டர் ஆனபோது, அந்த 88 பேரில் பெண்கள் நான்கே பேர்: ஹம்பி, ஹரிகா, வைஷாலி, திவ்யா. 2024இல் டொராண்டோவில் நடந்த கேண்டிடேட்ஸ் போட்டியில் பொதுப்பிரிவுக்குப் பரிசுத் தொகை 5 லட்சம் யூரோ, மகளிர் பிரிவுக்கு 2.5 லட்சம். ஒரே ஊர், ஒரே நாட்கள், ஒரே சட்டம். யானை இரண்டு பிரிவிலும் நேர்கோட்டில்தான் போகிறது. பரிசு மட்டும் பாதி.

இந்த இடத்தில் ‘மூளை’ என்று ஆரம்பிப்பார்கள். 2015இல் இங்கிலாந்தின் நைஜல் ஷார்ட், ஆண் பெண் மூளைகளின் அமைப்பே வேறு என்று எழுதினார். ஹங்கேரியின் ஜூடித் போல்காரிடம் பலமுறை தோற்ற மனிதர் அவர். 2005இல் ஆண்களும் அடங்கிய உலகத் தரவரிசையில் எட்டாவது இடத்தில் இருந்தவள் ஜூடித். இந்தியாவிலோ 1976இல் ரோகிணி காடில்கர் ஆண்களின் தேசியப் போட்டியில் ஆடியதற்கே பெரிய எதிர்ப்பு கிளம்பியது. விஷயம் நீதிமன்றம்வரை போனது. கடைசியில் உலகச் சதுரங்கக் கூட்டமைப்பின் தலைவர் மாக்ஸ் ஊவே, பெண்களைத் தடுக்கக்கூடாது என்று தீர்ப்புச் சொல்ல வேண்டியிருந்தது. மூளை வேறு என்று உண்மையிலேயே நம்பியவர்கள் ஒரு சிறுமி எதிரே உட்காருவதற்கு ஏன் பயந்தார்கள்?

தடைகளைத் தாண்டி உள்ளே வந்தவளையும் விடுவதில்லை. 2024 ஜனவரியில், 18 வயதில், நெதர்லாந்தில் ஆடிவிட்டுத் திவ்யா வெளிப்படையாக எழுதினாள்: பார்வையாளர்கள் தன் உடையையும் தலைமுடியையும் உச்சரிப்பையும் பார்த்தார்கள், ஆட்டத்தைப் பார்க்கவில்லை என்று. மாமல்லபுரத்தில் ஹரிகா நிறைமாதக் கர்ப்பத்தோடு ஆடினார். ஹம்பி 2017இல் குழந்தை பெற்று, திரும்பி வந்து, 2019இலும் 2024இலும் உலக விரைவுச் சதுரங்கப் பட்டம் வென்றார். இவற்றை ‘தாய்மையின் வலிமை’ என்று கொண்டாடுவதில் எனக்கு உடன்பாடில்லை. பிள்ளை பெற்றவளுக்கு ஆட்டத்தில் ஒரு வசதியும் செய்யாதவர்கள் அவளுடைய வைராக்கியத்துக்குக் கைதட்டித் தப்பிக்கிறார்கள்.

‘ராணிதானே பலகையில் பலம் மிக்கவள்’ என்று மேடைதோறும் சொல்வதையும் தயவுசெய்து நிறுத்துங்கள். அந்த ராணி ஒரு ராஜாவைக் காப்பாற்றத்தான் நகர்கிறாள். அவள் வெட்டுப்பட்டாலும் ஆட்டம் தொடரும்.

நமக்கு வேண்டியது எளிமையானது. பரிசுத் தொகை சமமாகட்டும். மாவட்டப் போட்டிக்குப் போகும் அரசுப் பள்ளி மாணவிக்குத் துணைக்கு வருகிறவரின் பஸ் செலவையும் தங்குமிடத்தையும் அரசு கொடுக்கட்டும். பையனை ‘பசங்களோட போயிட்டு வா’ என்று அனுப்பும் வீடு, பெண்ணோடு இன்னொருவரை அனுப்புகிறது. அந்த இரண்டாவது டிக்கெட்டில்தான் பல பெண்களின் ஆட்டம் முடிகிறது. மில் விடுதிகளில் பலகைகள் வரட்டும். அதைவிட முக்கியம், அவற்றின் முன் உட்காரும் அளவுக்கு எட்டு மணி நேர வேலை எட்டு மணி நேரத்தில் முடியட்டும். யோசிப்பதற்கான நேரம் சலுகையல்ல, கூலியைப் போல அதுவும் உரிமை.

இதைப் படிக்கும் மாணவிகளுக்கு ஒரு வேலை சொல்கிறேன். உங்கள் வீட்டில் யாருடைய நேரத்தில் யார் முன்னேறினார்கள் என்று ஒரு தாளில் எழுதிப் பாருங்கள். பெயர் போட்டு எழுதுங்கள். அம்மா என்றோ அக்கா என்றோ எழுதாதீர்கள். அவர்களுக்குப் பெயர் இருக்கிறது.