பலகையில் ஒரு பெயர், ஸ்டேட்மென்ட்டில் வேறு பெயர்

வடபழனியில் வசிக்கும் ஒரு குடும்பத்தின் மளிகை இன்று ஒரே கடையில் முடிவதில்லை. அரிசி, பருப்பு, எண்ணெய் மாதத் தொடக்கத்தில் ஒரு பெரிய சூப்பர் மார்க்கெட்டில் வாங்கப்படுகின்றன. காய்கறியும் பழமும் ஆற்காடு சாலையிலோ 100 அடி சாலையிலோ வீட்டுக்குத் திரும்பும் வழியில். தயிர், கொத்தமல்லி, திடீரென்று தீர்ந்துபோன துவரம்பருப்பு எல்லாம் செல்போன் ஆப்பில் சொன்ன பத்து இருபது நிமிடத்தில் வாசலுக்கு வந்துவிடுகின்றன. பல வீடுகளில் இவை அனைத்துக்கும் ஒரே கார்டுதான். கணவர் ஒரு இடத்திலும், ஆட்-ஆன் கார்டில் மனைவி இன்னொரு இடத்திலும், ஆப்பில் பிள்ளைகளும் செலவு செய்வார்கள். ஸ்டேட்மென்ட் வரும்போது அதில் முப்பது நாற்பது வரிகள் இருக்கும். அவற்றில் நாலைந்து வரிகளில் யாருக்கும் தெரியாத நிறுவனப் பெயர்கள் இருக்கும். பெரும்பாலும் அது நாம் வாங்கிய மளிகைதான். ஆனால் அது நாம் வாங்கியதா, யாரோ நம் கார்டில் வாங்கியதா என்று கண்டுபிடிக்கும் வேலை முழுவதும் கார்டு வைத்திருப்பவர் தலையில் விழுகிறது. அது அநியாயம். கடைப் பலகையில் உள்ள பெயரை ஸ்டேட்மென்ட்டில் அச்சிடுவது வங்கியின் பொறுப்பு. அதைச் செய்யாத வங்கி, அதனால் வரும் குழப்பத்தின் செலவையும் ஏற்க வேண்டும்.

பெயர்கள் ஏன் மாறுகின்றன என்று பார்த்தால் மர்மம் ஒன்றும் இல்லை. நாம் டிமார்ட் என்று சொல்லும் கடையை நடத்துவது அவென்யூ சூப்பர்மார்ட்ஸ் லிமிடெட். பிக்பாஸ்கெட்டுக்குப் பின்னால் இருப்பது இன்னோவேட்டிவ் ரீட்டெய்ல் கான்செப்ட்ஸ் பிரைவேட் லிமிடெட். ஸ்பார் சூப்பர் மார்க்கெட்டுகளை இந்தியாவில் நடத்திவருவது மேக்ஸ் ஹைப்பர்மார்க்கெட் இந்தியா. கோவை பழமுதிர் நிலையத்தின் நிறுவனப் பெயர் கேபிஎன் ஃபார்ம் ஃப்ரெஷ். ஆப்கள் விஷயத்தில் குழப்பம் இன்னும் அதிகம். க்ரோஃபர்ஸ் என்று பழகிய பெயர் 2021 கடைசியில் பிளிங்கிட் ஆனது; மறு ஆண்டு அதை ஸொமேட்டோ வாங்கியது; 2025-ல் ஸொமேட்டோ நிறுவனமே எட்டர்னல் என்று பெயர் மாற்றிக்கொண்டது. ஸ்விக்கி நீண்டகாலம் பண்டல் டெக்னாலஜீஸ் என்ற பெயரில் இயங்கியது. ஸெப்டோவை நடத்தியது கிரானாகார்ட் டெக்னாலஜீஸ். இந்த இரு நிறுவனங்களும் பங்குச் சந்தையை நோக்கி நகர்ந்த காலத்தில் கம்பெனிப் பெயரையே மக்களுக்குத் தெரிந்த பெயராக மாற்றிக்கொண்டன என்பது கவனிக்க வேண்டியது. முதலீட்டாளர் எளிதில் அடையாளம் காண்கிற பெயர் தேவை என்றால், ஐந்நூறு ரூபாய்க்குக் காய்கறி வாங்கியவருக்கும் அது தேவை.

பெயரோடு குழப்பம் நிற்பதில்லை. பொருள் வந்து இறங்கியது வடபழனி குமரன் காலனியில். ஸ்டேட்மென்ட்டில் ஊர் பெங்களூரு, மும்பை அல்லது குருகிராம் என்று இருக்கும், நிறுவனத்தின் தலைமையகம் அங்கே இருப்பதால். ஞாயிற்றுக்கிழமை வாங்கிய சாமான் செவ்வாய்க்கிழமைக் கணக்கில் ஏறலாம், கடையின் வங்கி தொகையைத் தாக்கல் செய்து அது நம் கணக்கில் பதிவாக ஓரிரு நாள் ஆகும் என்பதால். ஆர்டர் செய்த பத்துப் பொருளில் இரண்டு இருப்பில் இல்லை என்றால், முழுத் தொகையும் பற்றாகி, இரண்டின் விலை சில நாள் கழித்துத் தனி வரியாகத் திரும்பிவரும். பேமென்ட் கேட்வே நிறுவனம் நடுவில் இருந்தால் அதன் பெயரும் முன்னால் ஒட்டிக்கொள்ளும். ஆக ஊர், தேதி, தொகை, பெயர் ஆகிய நான்கில் ஒன்றுகூட நம் நினைவோடு பொருந்தாத ஒரு வரி, முற்றிலும் நேர்மையான விற்பனையாக இருக்க முடியும். மோசடியாகவும் இருக்க முடியும். இரண்டும் பார்ப்பதற்கு ஒரே மாதிரி இருக்கின்றன என்பதுதான் ஆபத்து.

இந்த ஆபத்தின் அளவு சட்டத்தைப் பார்த்தால்தான் விளங்கும். 2017 ஜூலை 6 அன்று ரிசர்வ் வங்கி வெளியிட்ட சுற்றறிக்கை கார்டு வைத்திருப்பவருக்கு நல்ல பாதுகாப்பைத் தந்தது. வங்கியின் மீதோ வாடிக்கையாளர் மீதோ தவறு இல்லாமல், வேறெங்கோ நடந்த கசிவால் பணம் போயிருந்தால், வங்கியின் தகவல் கிடைத்த மூன்று வேலை நாளுக்குள் புகார் செய்தவருக்கு இழப்பு எதுவும் இல்லை. நாலாவது நாளிலிருந்து ஏழாவது நாள் வரை என்றால், ஐந்து லட்சம் ரூபாய் வரை வரம்புள்ள கிரெடிட் கார்டுக்கு 10,000 ரூபாய் வரையும், அதற்கு மேல் வரம்புள்ள கார்டுக்கு 25,000 ரூபாய் வரையும் வாடிக்கையாளர் ஏற்க நேரிடும். ஏழு நாளும் தாண்டிவிட்டால் அந்தந்த வங்கியின் கொள்கைதான் முடிவு செய்யும். இந்த மூன்று நாள் கணக்கு எப்போது தொடங்குகிறது? வங்கி அனுப்பும் தகவல் நம் கைக்கு வந்தவுடன். அதாவது, யாருக்கும் புரியாத ஒரு கம்பெனிப் பெயரைத் தாங்கி வரும் அதே எஸ்எம்எஸ் வந்தவுடன். தகவல் கொடுத்துவிட்டதாக வங்கி சொல்லும். ஆனால் யாரிடம் பணம் போனது என்ற தகவல் அதில் இல்லை. இது நம்ம சூப்பர் மார்க்கெட்டாகத்தான் இருக்கும் என்று எண்ணி ஒருவர் விட்டுவிட்டால், உரிமை மெல்லக் கரைகிறது.

அதுவும் மளிகைக் கடைச் செலவில்தான் இந்த எச்சரிக்கை அதிகம் வேண்டும். ஆன்லைனில் இந்தியக் கடைகளில் வாங்க ஓடிபி கேட்கிறார்கள். ஆனால் கடைக்குப் போய் கார்டை மெஷினில் தொட்டாலே போதும் என்ற வசதியில், 2021 ஜனவரி 1 முதல் 5,000 ரூபாய் வரை பின் நம்பர் தேவையில்லை. தொலைந்துபோன கார்டு ஒருவர் கையில் கிடைத்தால், ஆயிரம் ரெண்டாயிரத்துக்குள் ஒரு சூப்பர் மார்க்கெட் பில் போடுவது அவருக்கு எளிது. சாதாரண வீட்டுச் செலவு போலவே அது தெரியும். நகைக்கடையில் எழுபதாயிரம் போனால் வீடே விழித்துக்கொள்ளும். மளிகையில் 1,340 போனால் யாரும் நிமிர்ந்து பார்ப்பதில்லை.

எஸ்எம்எஸ் உடனே வருகிறதே, வாங்கிய அடுத்த நொடி பார்த்துக்கொண்டால் ஆயிற்றே என்று சிலர் சொல்வார்கள். கார்டு ஒருவரிடமும் போன் நம்பர் இன்னொருவரிடமும் இருக்கிற குடும்பங்களுக்கு இது பொருந்தாது. ஆட்-ஆன் கார்டில் மகள் தி.நகரில் வாங்கியதற்கான செய்தி அலுவலகத்தில் இருக்கும் அப்பாவுக்கு வருகிறது. அவருக்குத் தெரிந்ததெல்லாம் அந்தப் பெயர் மட்டுமே. ஓய்வூதியத்தில் வாழும் முதியவர்களை எடுத்துக்கொண்டால், ஆங்கில எழுத்துகளில் பாதி அறுந்துபோன ஒரு கம்பெனிப் பெயரைப் படித்து, அது எந்தக் கடை என்று இணையத்தில் தேடு என்று அவர்களிடம் எதிர்பார்ப்பது பாதுகாப்பு ஏற்பாடு ஆகாது.

வங்கித் தரப்பின் வலுவான பதில் இடப் பற்றாக்குறை. கார்டு பரிவர்த்தனையில் கடையின் பெயருக்கும் ஊருக்கும் சேர்த்து 40 எழுத்து இடம்தான் உண்டு. அதில் பெயருக்கு மட்டும் விசாவில் 25, மாஸ்டர்கார்டில் 22. இது உண்மை. ஆனால் இந்த வாதம் எதிர்த் திசையில்தான் போகிறது. அவென்யூ சூப்பர்மார்ட்ஸ் லிமிடெட் என்று ஆங்கிலத்தில் இடைவெளியோடு எழுதினால் அந்த 25 இடமும் நிறைந்துவிடும். டிமார்ட் என்பதற்கு ஐந்து போதும். இன்னோவேட்டிவ் ரீட்டெய்ல் என்று தொடங்கும் பெயர் 25 இடத்தில் மூன்றாவது சொல்லின் கடைசி எழுத்தை இழந்து நிற்கும், 22 இடத்தில் அந்தச் சொல்லின் பாதியில் அறுந்துவிடும். பிக்பாஸ்கெட் ஒன்பதே எழுத்து. மக்கள் வாயில் புழங்கும் பெயர் எப்போதும் பதிவுப் பெயரைவிடச் சிறியது. இடம் குறைவு என்பதே பலகைப் பெயரைப் போட வேண்டியதற்கான காரணம். இன்னொன்று, கடை எந்தப் பெயரில் வாடிக்கையாளருக்கு முதன்மையாக அறிமுகமாகியிருக்கிறதோ அந்தப் பெயரையே அனுப்ப வேண்டும் என்பது விசா, மாஸ்டர்கார்டு இரண்டின் விதிகளிலும் ஏற்கெனவே இருக்கிறது. கடைக்குக் கார்டு மெஷின் கொடுக்கும் வங்கி, விண்ணப்பத்தில் உள்ள பதிவுப் பெயரை அப்படியே ஏற்றிவிட்டுப் போவதுதான் பிரச்சினை.

வரிக்கும் தணிக்கைக்கும் பதிவுப் பெயர் தேவை என்பதில் நியாயம் இருக்கிறது. அது பில்லில் இருக்கட்டும். ஜிஎஸ்டி விதிப்படி வரி பில்லில் விற்பவரின் பெயர், முகவரி, ஜிஎஸ்டி எண் இருந்தே ஆக வேண்டும். கடை வாசலில் உள்ள பெயர்ப்பலகையிலும் ஜிஎஸ்டி எண்ணைப் போட வேண்டும் என்று 2017 ஜிஎஸ்டி விதிகளின் 18-ஆம் விதி சொல்கிறது. பதிவுப் பெயரையும் வணிகப் பெயரையும் இணைக்கும் பதிவேடு அரசிடமே இருக்கிறது. ஜிஎஸ்டி தளத்தில் எண்ணைத் தட்டினால் இரண்டும் வரும். வணிகர்களைச் சரிபார்த்துச் சேர்க்கும் வங்கிக்கு இந்தத் தகவல் எட்டாததல்ல. வெளிநாடுகளில் இது முன்பே நடந்திருக்கிறது. ஸ்டேட்மென்ட்டில் விற்பவரின் பெயரும் ஊரும் இருக்க வேண்டும் என்று அமெரிக்க விதி கேட்கிறது. தெரியாத பெயரால் வரும் புகார்களைக் குறைக்க, கடையின் விவரங்களை வங்கி ஆப்பிலேயே காட்டும் தொழில்நுட்பம் கொண்ட ஈத்தோகா நிறுவனத்தை மாஸ்டர்கார்டும், வெரிஃபை நிறுவனத்தை விசாவும் 2019-ல் வாங்கின. ஆக, செய்யும் வழி இல்லாமல் இல்லை.

எனக்குக் கவலை தரும் எதிர்வாதம் வேறு. தெரியாத பெயர் என்றதும் எல்லோரும் புகார் கொடுக்கத் தொடங்கினால் நேர்மையான கடைக்காரர் பாதிக்கப்படுவார் என்பது அது. அது சரிதான். புகார் வந்ததும் அந்தத் தொகை கடைக் கணக்கிலிருந்து பிடிக்கப்படலாம். கடைக்காரர் பில்லைத் தேடி எடுத்து நிரூபிக்க வேண்டும். தவறினால் சரக்கும் போய்ப் பணமும் போகும். பெரிய நிறுவனத்துக்கு அதற்கென்று ஒரு பிரிவே இருக்கும். ஆற்காடு சாலை ஓரத்து மளிகைக் கடை அண்ணாச்சிக்கு யார் இருக்கிறார்கள்? 2022 முதல் ரூபே கிரெடிட் கார்டை யுபிஐ-யில் இணைத்து க்யூஆர் அட்டையில் பணம் செலுத்தலாம் என்பதால், கார்டு மெஷினே இல்லாத சின்னக் கடைகளும் இன்று கிரெடிட் கார்டு ஸ்டேட்மென்ட்டில் வருகின்றன. அங்கே கடைப் பெயருக்குப் பதில் உரிமையாளரின் சொந்தப் பெயர் வந்தால், பத்து வருடமாகப் பழகிய கடையே அந்நியர் போலத் தோன்றும். பெயரைத் தெளிவாக்கச் சொல்வது கடைக்காரரைக் காக்கவும்தான்.

அதுவரை கார்டு வைத்திருப்பவர் செய்யக்கூடியது ஒன்று உண்டு: பில்லைத் தூக்கி எறியாமல் அடுத்த ஸ்டேட்மென்ட் வரும்வரை வைத்திருப்பது. பில்லின் தலைப்பில் பெரிதாக இருக்கும் பெயருக்குக் கீழே சின்ன எழுத்தில் பதிவுப் பெயர் இருக்கும். ஆப்பில் வாங்கினால் ஆர்டர் விவரத்தில் இன்வாய்ஸ் இருக்கும். பெயரைவிடத் தொகையை முதலில் பொருத்திப் பார்ப்பது பலன் தரும், பைசா வரை. வங்கியிடம் கேட்டால் கடையின் வகை எண்ணையும் சொல்வார்கள். 5411 என்றால் மளிகை அல்லது சூப்பர் மார்க்கெட். ஆனால் இந்தத் துப்பறிதலில் மூன்று வேலை நாளைத் தொலைத்துவிடக் கூடாது. இரண்டாம் நாளும் விளங்கவில்லை என்றால் கார்டை முடக்கிவிட்டு எழுத்தில் புகார் கொடுத்துப் புகார் எண்ணை வாங்கிக்கொள்ள வேண்டும். புகார் கொடுத்த பிறகு நேரும் இழப்பு வங்கியுடையது. பில்லை மறுத்தால் 30 நாளுக்குள் விளக்கமும் தேவையான இடத்தில் ஆவணமும் தர வேண்டும், மோசடி என்று மறுத்த தொகைக்குத் தகராறு தீரும்வரை கட்டணம் விதிக்கக் கூடாது என்று 2022 ஏப்ரலில் ரிசர்வ் வங்கி வெளியிட்ட கார்டு வழிகாட்டுதல் சொல்கிறது. மோசடி என்று உறுதியானால் சைபர் குற்ற உதவி எண் 1930-ஐ அழைக்க வேண்டும். வங்கி 30 நாள் வாய் திறக்காவிட்டால் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் போகலாம். உதவி எண் 14448.

இவ்வளவும் நம் பக்க வேலை. ரிசர்வ் வங்கி செய்ய வேண்டியது 2017 சுற்றறிக்கையின் ஏற்பாட்டில் ஒரே ஒரு திருத்தம். கடையின் பலகைப் பெயரும், பொருள் விற்கப்பட்ட அல்லது கொண்டு சேர்க்கப்பட்ட ஊரும் இல்லாத தகவலைத் தகவலாகக் கொள்ளக் கூடாது. அத்தகைய பரிவர்த்தனைக்கு மூன்று நாள் கணக்கு, வாடிக்கையாளர் கேட்டு வங்கி கடையை அடையாளம் காட்டிய நாளிலிருந்து தொடங்க வேண்டும். மோசடிப் பரிவர்த்தனையில் வாடிக்கையாளர் மீது பொறுப்பு இருப்பதை நிரூபிக்க வேண்டியவர் வங்கிதான் என்று அதே சுற்றறிக்கை முன்பே சொல்லியிருக்கிறது. தாமதம் யாரால் நேர்ந்தது என்பதற்கும் அந்த விதி பொருந்த வேண்டும்.