அடையாற்றுக்கு இளைஞர்களின் உழைப்பு மட்டும் போதாது

சென்னைக் கடற்கரையில் 1988 முதல் மாணவர்கள் ஆமை நடை போகிறார்கள். முட்டையிடக் கரையேறும் பங்குனி ஆமைகளின் தடம் தேடி இரவெல்லாம் நடந்து, நாய்களுக்கு இரையாகும் முன் முட்டைகளைப் பொரிப்பகத்துக்குக் கொண்டுசேர்க்கிறார்கள். பொரிந்த குஞ்சுகள் நகர விளக்கொளியில் திசைமாறிவிடாமல் கடலில் விடுகிறார்கள். ஊதியமில்லாத இந்தப் பணி தலைமுறை தாண்டித் தொடர்வது சென்னைக்குப் பெருமை.

அடையாற்றின் கரையிலும் இளைஞர்கள் விடுமுறை நாள்களில் பிளாஸ்டிக் குப்பையை அள்ளுகிறார்கள். ஆனால், ஆறு தேறவில்லை. அவர்கள் உழைப்பில் குறையில்லை. நோய் வேறிடத்தில் இருக்கிறது. மழைநீர் வடிகால்களில் முறைகேடாக இணைக்கப்பட்ட குழாய்கள் வழியே வீடுகளின், வணிக வளாகங்களின் கழிவுநீர் ஆற்றில் இறங்குகிறது. அந்தக் கழிவு சிதையும்போது நீரிலுள்ள ஆக்சிஜன் தீர்ந்துபோகிறது. மீன்கள் செத்து மிதக்கின்றன. முகத்துவாரத்தை மணல் அடைத்துக்கொண்டால் கடலின் ஏற்றநீர் உள்ளே வந்து ஆற்றைக் கழுவவும் வழியில்லை. கழிவுநீரைக் கோணிப்பையில் அள்ள முடியாது.

இளைஞர்களின் உழைப்பு மட்டும் போதாது என்பதையே ஆமைகளின் கதையும் சொல்கிறது. 2025 ஜனவரியில் நூற்றுக்கணக்கான ஆமைகள் சென்னைக் கரையில் செத்து ஒதுங்கின. கரையில் முட்டைகளைக் காப்பது மாணவர்களால் ஆகும். கரையிலிருந்து 5 கடல் மைலுக்குள் விசைப்படகுகள் ஆமைகளைச் சிக்கவைக்கும் இழுவலை போடாமல் தடுப்பது அரசால்தான் ஆகும்.

அரசு முனைந்தால் பலன் கிடைக்கும் என்பதற்குச் சான்றும் அடையாற்றிலேயே உண்டு. குப்பை கொட்டும் இடமாகச் சீரழிந்திருந்த கழிமுகப் பகுதியில் 58 ஏக்கர் மீட்கப்பட்டு, 2011இல் தொல்காப்பியப் பூங்கா ஆனது. குப்பை நின்றது, பறவைகள் வந்தன.

நீர் மாசுத் தடுப்புச் சட்டம் 1974இலேயே வந்துவிட்டது. இனியும் தூய்மைப் பணி நாளில் மாணவர்களுக்குச் சான்றிதழ் வழங்கிவிட்டு அதிகாரிகள் ஒதுங்கிக்கொள்ளக் கூடாது. ஆற்றில் கழிவுநீர் கலக்கும் ஒவ்வோர் இடத்தையும், அதை அடைக்கப்போகும் தேதியையும் வார்டு வாரியாக வெளியிட வேண்டும். மாதந்தோறும் நீரைச் சோதித்து முடிவைத் தமிழில் அறிவிக்க வேண்டும். அந்தச் சோதனையில் தன்னார்வலர்களையும் சேர்த்துக்கொண்டு, அவர்கள் தரும் புகாருக்குக் காலக்கெடுவுக்குள் பதில் சொல்ல வேண்டும்.

இளைஞர்கள் தங்கள் பங்கைச் செய்துவிட்டார்கள். கழிவுநீரை நிறுத்துவது மாநகராட்சியும் குடிநீர் வாரியமும் மாசுக் கட்டுப்பாட்டு வாரியமும் செய்தாக வேண்டிய கடமை. அதை அவை இனியும் தள்ளிப்போடக் கூடாது.