சிறு வணிகருக்கு மட்டும் ஏன் 30?



ஐரோப்பிய ஒன்றியத்தின் 27 நாடுகளுக்கும் ஒரே சந்தை. ஆனால் நிறுவன வரி ஹங்கேரியில் 9 சதவீதம், ஜெர்மனியில் ஏறத்தாழ 30. விற்பது ஓரிடம், லாபம் காட்டுவது வரி குறைந்த இடம் என்று பெருநிறுவனங்கள் நடந்துகொள்ள இதுவே வாசல். அதை அடைக்கத்தான் 2021-இல் இந்தியா உட்பட 130-க்கும் மேற்பட்ட நாடுகள் 15 சதவீதக் குறைந்தபட்ச வரிக்கு ஒப்புக்கொண்டன. அமெரிக்க நிறுவனங்களுக்கு விலக்கு அளிக்க 2025 ஜூனில் ஜி7 நாடுகள் இசைந்தது பெரும் அநியாயம்.

நம் நாட்டுக்குள்ளேயும் விதி ஒன்றாக இல்லை. திருவாடானைப் பக்கம் நெல்லும் குண்டு மிளகாயும் வாங்கி விற்கும் கூட்டு வணிக நிறுவனம் லாபத்தில் 30 சதவீதம் கட்டுகிறது. சலுகைகளைக் கைவிடும் கம்பெனிக்கோ 2019 முதல் அடிப்படை விகிதம் 22 தான். கம்பெனியின் டிவிடெண்டுக்குத் தனி வரி உண்டே என்பார்கள். லாபத்தைப் பங்கு பிரிக்காமல் தொழிலிலேயே போட்டு வளரும் கம்பெனிக்கு அந்தச் சுமை கிடையாது. அதே வழியில் வளர நினைக்கும் எங்கள் ஊர்க் கூட்டு வணிக நிறுவனத்துக்கு 30 குறைவதில்லை.

அடுத்த பட்ஜெட்டிலேயே கூட்டு வணிக நிறுவனங்களுக்கும் 22 சதவீத விகிதத்தை நிதியமைச்சர் அறிவிக்க வேண்டும். நம் தொகுதி எம்.பி. இதை மக்களவையில் எழுப்ப வேண்டுகிறேன்.

— ஒரு வாசகர், திருவாடானை