தோல்விக்கு மறுநாள்



சென்ற திங்கள் ஓசூர் சென்றிருந்தேன். கர்நாடக எல்லையை ஒட்டிய அவ்வூரில் சிப்காட் தொழிற்பேட்டை வந்த நாள் முதலாக மக்களின் வாழ்க்கை ஷிப்டுக் கணக்கில்தான் ஓடுகிறது. வீட்டில் உருது, கடைத்தெருவில் தமிழும் கன்னடமும் தெலுங்கும் என்று நான்கு மொழிகளும் அங்கே ஒன்றாகப் புழங்குகின்றன. அஸர் தொழுதுவிட்டுப் பள்ளிவாசலை விட்டு இறங்கியபோது, முதல் ஷிப்டு முடித்து வந்திருந்த அன்பர் ஒருவர் என் கையைப் பற்றிக்கொண்டார்.

"பாய், என் மகனுக்கு நீங்கள்தான் ஒரு வார்த்தை சொல்ல வேண்டும்" என்றார்.

மகன் பொறியியல் இரண்டாம் ஆண்டு மாணவன். கல்லூரியின் கூடைப்பந்து அணியில் ஆடுகிறான். கல்லூரிகளுக்கிடையிலான போட்டிக்குச் சென்ற அணி, முதல் ஆட்டத்திலேயே ஒரு புள்ளியில் தோற்றுத் திரும்பியது. கடைசி நொடிகளில் கிடைத்த இரண்டு தனி எறிகளையும் தவறவிட்டவன் இவன்தான். மூன்று நாட்களாகச் சரியாகச் சாப்பிடவில்லை, கல்லூரிக்கும் போகவில்லை. "பந்தைத் தூக்கி எறிந்துவிட்டுப் படிக்கச் சொல்லுங்கள் பாய். விளையாட்டா சோறு போடும்?" என்றார் தந்தை.

நம் இல்லங்கள் பலவற்றில் கேட்கும் கேள்விதான் இது. ஆகவே, அவருக்குச் சொன்னதை உங்களுக்கும் சொல்லத் துணிகிறேன்.

கூடைப்பந்து 1891ஆம் ஆண்டு அமெரிக்காவின் ஸ்பிரிங்ஃபீல்டு நகரில் ஜேம்ஸ் நெய்ஸ்மித் என்னும் உடற்பயிற்சி ஆசிரியரால் உருவாக்கப்பட்டது. பழக்கூடைகளை உயரத்தில் மாட்டி அவற்றில் பந்தை எறிய வைத்தார் அவர். ஒய்.எம்.சி.ஏ. இயக்கத்தின் வழியாக நம் நாட்டுக்கும் அது வந்து சேர்ந்தது. அந்த ஆட்டத்தின் வரலாற்றிலிருந்து ஒரே ஒரு கல்லூரி அணியின் ஓராண்டுக் கதையைச் சொல்கிறேன்.

லாஸ் ஏஞ்சல்ஸ் நகரிலுள்ள கலிபோர்னியாப் பல்கலைக்கழகத்தின் ஆடவர் அணி அது. பயிற்சியாளர் ஜான் வுடன். பருவத்தின் முதல் நாள் பயிற்சியை அவர் பந்திலிருந்து தொடங்கமாட்டார். காலுறையைச் சுருக்கமின்றி இழுத்து அணிவது எப்படி, காலணிக் கயிற்றை இறுக்கிக் கட்டுவது எப்படி என்றுதான் கற்பிப்பார். காலுறையில் ஒரு சுருக்கம் இருந்தால் காலில் கொப்புளம் வரும். கொப்புளம் வந்தால் ஓட்டம் குறையும். ஓட்டம் குறைந்தால் ஆட்டம் போகும் என்பது அவருடைய கணக்கு.

அந்த அணியின் தூண், ஏழடி இரண்டங்குல உயரமுள்ள லூ அல்சிண்டர் என்னும் கறுப்பின மாணவர். 1966-67 பருவத்தில் அவருடைய அணி ஆடிய 30 ஆட்டங்களிலும் வென்றது. அதன்பின் ஒரு விதி வந்தது. வளையத்திற்கு மேலிருந்து பந்தை உள்ளே திணிப்பது கல்லூரி ஆட்டங்களில் தடை செய்யப்பட்டது. அவரை மனத்தில் வைத்தே இயற்றப்பட்ட விதி என்று பலரும் பேசினர். அவர் முடங்கிவிடவில்லை. கையை உயர நீட்டித் தலைக்கு மேலாக வளைத்து எறியும் வீச்சைப் பழகிப் பழகி மெருகேற்றினார். பிற்காலத்தில் எவராலும் தடுக்க இயலாத ஆயுதமாக அதுவே ஆயிற்று.

அடுத்த பருவத்தில் சோதனை வந்தது. 1968 ஜனவரியில் ஓர் ஆட்டத்தில் அல்சிண்டரின் இடக்கண்ணின் கருவிழி கீறப்பட்டது. இரண்டு ஆட்டங்களில் அவர் இறங்கவில்லை. ஜனவரி 20ஆம் நாள் ஹூஸ்டன் பல்கலைக்கழகத்தை அதன் சொந்த ஊரில் சந்திக்க வேண்டியிருந்தது. அல்சிண்டரின் அணி தொடர்ந்து 47 வெற்றிகளைக் கண்டிருந்தது. அரங்கில் 52 ஆயிரத்துக்கும் மேற்பட்டோர் கூடியிருந்தனர். கண் முழுதும் தேறாத நிலையில் அல்சிண்டர் எறிந்த 18 எறிகளில் நான்கே கூடையில் விழுந்தன. ஹூஸ்டனின் எல்வின் ஹேய்ஸ் தனியாக 39 புள்ளிகள் எடுத்தார். ஆட்டம் 69க்கு 69 என்று சமமாக நின்றபோது, கடைசி அரை நிமிடத்தில் கிடைத்த இரண்டு தனி எறிகளையும் அவர் கூடைக்குள் செலுத்தினார். 71-69. நாடே தொலைக்காட்சியில் பார்த்திருக்க, வெற்றித் தொடர் அறுந்தது.

நேயர்களே! இங்கேதான் நாம் சற்று நிற்க வேண்டும். அந்த இரவோடு பருவம் முடிந்துவிடவில்லை. மறுநாளும் பயிற்சிக்கூடம் இருந்தது, வகுப்பறை இருந்தது, அதே காலுறை இருந்தது. அதன்பின் அவர்கள் ஓர் ஆட்டத்திலும் தோற்கவில்லை. மார்ச் 22ஆம் நாள் தேசிய அரையிறுதியில் அதே ஹூஸ்டன் மீண்டும் எதிரே நின்றது. நான்கு பேர் சாய்சதுரமாகக் களத்தைக் காக்க, ஐந்தாமவர் ஹேய்ஸை நிழலாகத் தொடர்ந்தார். அன்று ஹேய்ஸ் எடுத்தவை 10 புள்ளிகள் மட்டுமே. 101-69 என்று வென்று, மறுநாள் இறுதியாட்டத்தில் வட கரோலினாவை 78-55 என்று வீழ்த்திக் கோப்பையை எடுத்தனர். 30 ஆட்டங்களில் 29 வெற்றி, ஒரு தோல்வி. அந்த ஒன்றுதான் இன்றளவும் பேசப்படுகிறது. பேசப்படுவதற்குக் காரணம் அதற்குப் பின் நடந்தவை.

அந்த இளைஞர் யார் என்று உங்களில் பலர் அறிந்திருப்பீர்கள். கல்லூரியின் முதலாண்டில் மால்கம் எக்ஸின் வாழ்க்கை வரலாற்றைப் படித்துச் சிந்திக்கத் தொடங்கியவர், அந்த 1968ஆம் ஆண்டிலேயே இஸ்லாத்தைத் தழுவினார். 1971 முதல் கரீம் அப்துல் ஜப்பார் என்று உலகம் அவரை அறிந்தது. தொழில்முறை ஆட்டத்தில் அவர் குவித்த 38,387 புள்ளிகள் என்னும் சாதனை 2023ஆம் ஆண்டில்தான் முறியடிக்கப்பட்டது. இன்னொன்றையும் சொல்ல வேண்டும். 1969இல் அவர் வரலாற்றுப் பாடத்தில் பட்டம் பெற்றே கல்லூரியை விட்டு வெளியேறினார். படிப்பா, பந்தா என்று அவர் ஒன்றைக் கைவிடவில்லை.

நான் இவற்றைச் சொல்லிக்கொண்டிருந்தபோது, கதவோரம் நின்ற அந்த மாணவனின் தாயார், "நோன்பு நாளில் இப்படி ஓடியாடினால் உடம்பு என்னாகும்?" என்று கேட்டார். தாயின் கவலை நியாயமானது. ஹூஸ்டன் பல்கலைக்கழகத்தில் பின்னாளில் ஆடிய, நைஜீரியாவைச் சேர்ந்த ஹகீம் ஒலாஜுவான், 1995 பிப்ரவரியில் ரமளான் நோன்பு நோற்றபடியே தொழில்முறை ஆட்டங்களில் இறங்கினார். அம்மாதத்தின் சிறந்த ஆட்டக்காரர் என்று தேர்வும் பெற்றார். எல்லோரும் அவ்வாறு செய்ய வேண்டும் என்பதில்லை. பயிற்சியாளரிடம் சொல்லி, நோன்பு துறந்த பிறகு பயிற்சி வைத்துக்கொள்ளலாம். மார்க்கக் கடமையும் மைதானமும் பகையல்ல என்பதற்காகவே சொன்னேன்.

பிறகு தந்தையிடம் கேட்டேன். "உங்கள் மெஷினில் ஒரு பீஸ் ரிஜெக்ட் ஆனால் மெஷினையே விற்றுவிடுவீர்களா?"

அவர் சிரித்தார். "செட்டிங்கைச் சரிபார்ப்போம் பாய். அடுத்த பீஸை அளந்து பார்ப்போம்."

"மகனுக்கும் அதையே சொல்லுங்கள்" என்றேன். "நாளைக் காலை கல்லூரிக்குப் போகட்டும். தொழுகையும் பாடமும் தவறாமல் இருக்கின்றனவா என்று பாருங்கள். மாலையில் 100 தனி எறி எறியட்டும். எத்தனை விழுந்தன என்று நோட்டில் எழுதட்டும். வாரத்துக்கு ஒருமுறை அந்த நோட்டை வாங்கிப் பாருங்கள், அது போதும்."

அன்பர் சிறிது நேரம் பேசவில்லை. பிறகு உள்ளே திரும்பி, "மகனே, இங்கே வா. அந்தக் கடைசி இரண்டு எறியும் எப்படித் தவறின என்று பாயிடம் சொல்" என்று அழைத்தார். மூன்று நாட்களில் அவர் அவனிடம் கேட்ட முதல் கேள்வி அதுதான் என்று அவன் முகம் சொல்லிற்று.

உங்கள் பிள்ளைகளும் பரீட்சையிலோ, நேர்முகத் தேர்விலோ, மைதானத்திலோ ஒருநாள் தோற்று வருவார்கள். அன்றிரவு நீதிபதியாக அமராதீர்கள். மறுநாள் காலை அவர்களை எழுப்பி அனுப்புங்கள். அதுவே நம் கடமை.